பென்சிலோடு படிக்க வேண்டிய புத்தகம்: 8085 கற்கத் தொடங்குபவர்களுக்கு

மைக்ரோபிராசசருக்கு எந்தப் புத்தகம் வாங்கலாம் என்று சீனியர்களிடம் கேட்டால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: இன்டெல்லின் 8085 மைக்ரோபிராசசர் பற்றி ரமேஷ் காவோன்கர் எழுதிய புத்தகம். எலக்ட்ரானிக்ஸ் மாணவர்கள் பல ஆண்டுகளாகக் கைமாற்றிக் கைமாற்றிப் படித்துவரும் தடிமனான புத்தகம். வாங்கியவர்கள் நிறையப் பேர், முழுதாகப் படித்தவர்கள் குறைவு. முதல் சில பக்கங்களைக் கதை போல வாசித்துவிட்டு, எந்தக் கிளாக்கில் எந்தக் கம்பியில் என்ன நடக்கிறது என்று காட்டும் டைமிங் டயகிராம் வந்ததும் மாட்டிக்கொண்டு, பரீட்சை நெருங்கும்போது கைடுக்குப் போய்விடுகிறார்கள். நானும் முதல் தடவை அப்படித்தான் விட்டேன். இரண்டாவது தடவை ஒரு பென்சிலும் கட்டம் போட்ட நோட்டும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அப்போதுதான் புத்தகம் திறந்தது. அந்த வழியைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில், இவ்வளவு பழைய சிப்பை ஏன் படிக்க வேண்டும் என்ற கேள்விக்குப் பதில் சொல்லிவிடுகிறேன். இந்தச் சந்தேகம் மனதில் இருந்தால் படிப்பு ஓடாது. இன்டெல் 8085ஐ 1976ல் வெளியிட்டது. அதற்கு முன் 1974ல் வந்த 8080க்கு மூன்று வகை மின்னழுத்தம் தேவைப்பட்டது. 8085க்கு 5 வோல்ட் ஒன்றே போதும். பெயரின் கடைசியில் உள்ள 5 அதைத்தான் குறிக்கிறது. உள்ளே சுமார் 6,500 டிரான்சிஸ்டர்கள், வெளியே 40 கால்கள் (பின்கள்). உங்கள் போனில் இருக்கும் பிராசசரில் கோடிக்கணக்கில் டிரான்சிஸ்டர்கள் இருப்பதால் அதற்குள் நடப்பதை யாரும் முழுதாக மனதில் பிடித்து வைக்க முடியாது. 8085ஐப் பிடித்து வைக்கலாம். எந்த நொடியில் எந்தக் காலில் என்ன இருக்கிறது என்று ஒரு மாணவர் தாளில் எழுதிக் காட்டலாம். இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1997ல் செவ்வாயில் இறங்கி ஊர்ந்த சோஜர்னர் வண்டிக்குள் இருந்தது 80சி85, இதே குடும்பத்துச் சிப்தான். ஓடிய வேகம் 2 மெகாஹெர்ட்ஸ்.

சரி, தொடங்கலாம்.

புத்தகத்தைத் திறப்பதற்கு முன்

ஹெக்ஸ் எண்கள், அதாவது 0 முதல் 9 வரையும் ஏ முதல் எஃப் வரையும் கொண்ட பதினாறு அடிமான எண்கள், கைக்குப் பழகியிருக்க வேண்டும். கால்குலேட்டர் இல்லாமல், தாளில். பின்னிணைப்பில் எண் முறைகள் பற்றிய பகுதி இருக்கிறது. எல்லோரும் தாண்டிவிடும் அந்தப் பக்கங்களிலிருந்துதான் நீங்கள் ஆரம்பிக்க வேண்டும். தினம் பத்துக் கூட்டல், பத்துக் கழித்தல், ஒரு வாரம் போதும்.

ஒரு கணக்கு போட்டுப் பாருங்கள். ஹெக்ஸில் 98ஐயும் 78ஐயும் கூட்டுங்கள். மனது உடனே 176 என்று சொல்லும். தவறு. ஹெக்ஸில் 8ம் 8ம் 10, அதாவது பூஜ்யம் எழுதி ஒன்றை மேலே கொண்டுபோக வேண்டும். 9ம் 7ம் மேலே வந்த ஒன்றும் சேர்ந்தால் 11. ஆக விடை 110. பிராசசருக்குள் எண்ணை வைத்திருக்கும் எட்டு பிட் ரிஜிஸ்டரில் 10 மட்டும்தான் நிற்கும். முன்னால் இருக்கும் 1 கேரியாக வெளியே போய்விடும். இந்தக் கணக்கை மறக்க வேண்டாம், கொஞ்ச நேரத்தில் இதற்கே திரும்பி வருவோம்.

எந்த வரிசையில் படிப்பது

புத்தகம் மூன்று பகுதிகளாக இருக்கிறது: முதலில் ஹார்டுவேர், அடுத்து புரோகிராமிங், கடைசியில் வெளிச் சாதனங்களை இணைப்பது. அச்சிட்ட வரிசையிலேயே போகலாம், தவறில்லை. ஆனால் தனியாக உட்கார்ந்து படிப்பவருக்கு முதல் பகுதியின் மெமரி இன்டர்பேஸிங் பெரிய மலையாகத் தெரியும். அதனால் நான் புதியவர்களிடம் சொல்வது இது: முதல் பகுதியில் சிப்பின் உள் அமைப்பு வரை மட்டும் படித்துவிட்டு, நேராகப் புரோகிராமிங் பகுதிக்குப் போங்கள். அதில் லூப்பும் (திரும்பத் திரும்ப ஓடும் பகுதி) சப்ரூட்டினும் (கூப்பிட்டால் ஓடிவிட்டுத் திரும்பும் துணைப் புரோகிராம்) முடிந்ததும் முதல் பகுதிக்குத் திரும்பி விட்டதைப் படியுங்கள். அப்போது அந்தப் படங்கள் எல்லாம் ஏற்கெனவே தெரிந்த ஆளின் எக்ஸ்ரே போல இருக்கும். மூன்றாம் பகுதியைக் கடைசியில் எடுங்கள்.

உள் அமைப்பில் மனப்பாடம் செய்ய வேண்டியது ரொம்பக் கொஞ்சம். கணக்கெல்லாம் நடக்கும் அக்யுமுலேட்டர் ஏ, பொது ரிஜிஸ்டர்கள் பி, சி, டி, ஈ, எச், எல், விடை எப்படி வந்தது என்று காட்டும் ஐந்து பிளாக்குகள் (flags), அப்புறம் 16 பிட் கொண்ட, அடுத்த கட்டளையின் முகவரியை வைத்திருக்கும் புரோகிராம் கவுண்டரும் ஸ்டாக் பாயின்டரும். இதை ஒரு பக்கத்தில் பெரிய கட்டங்களாக வரைந்து மேஜைக்கு எதிரே ஒட்டிவிடுங்கள்.

முதல் புரோகிராம்: நீங்களே பிராசசர்

தமிழ்நாட்டுக் கல்லூரி லேப் கிட்டுகள் (8085 பொருத்திய பயிற்சிப் பலகைகள்) பலவற்றில் நாம் எழுதும் புரோகிராம் 4100 என்ற முகவரியில் தொடங்கும், விடையை 4500ல் போடுவது வழக்கம். அதே முகவரிகளை வைத்துக்கொள்கிறேன். முகவரியும் ஆப்கோடும் (கட்டளையின் எண் வடிவம்) எல்லாம் ஹெக்ஸ்.

4100: 3ஈ 98 – எம்விஐ ஏ, 98 (ஏவில் 98 போடு)
4102: 06 78 – எம்விஐ பி, 78 (பியில் 78 போடு)
4104: 80 – ஆட் பி (ஏவோடு பியைக் கூட்டு)
4105: 32 00 45 – எஸ்டிஏ 4500 (ஏவில் இருப்பதை 4500ல் வை)
4108: 76 – ஹால்ட் (நில்)

ஒன்பது பைட்டுகள். இதை உடனே கிட்டில் தட்டாதீர்கள். நோட்டில் பத்தி பிரியுங்கள்: புரோகிராம் கவுண்டர், ஏ, பி, சைன், ஸீரோ, ஆக்ஸிலரி கேரி, பாரிட்டி, கேரி, கடைசியாக 4500ல் இருப்பது. ஒவ்வொரு கட்டளைக்கும் ஒரு வரி. கட்டளை முடிந்த பின் எந்தக் கட்டத்தில் என்ன இருக்கும் என்று பென்சிலால் நிரப்புங்கள். தெரியாத இடத்தில் கேள்விக்குறி போடுங்கள். புரோகிராம் தொடங்கும்போது பி ரிஜிஸ்டரில் என்ன இருந்தது என்று உங்களுக்குத் தெரியாது, அது பூஜ்யம் என்று நினைத்துக்கொள்வது முதல் கெட்ட பழக்கம்.

முதல் இரண்டு வரிகளில் பிளாக் எதுவும் மாறாது, ஏனென்றால் எம்விஐ பிளாக்குகளைத் தொடாது. மூன்றாவது வரியில்தான் விஷயம். முன்பு போட்ட அதே கூட்டல். ஏ ரிஜிஸ்டரில் 10 நிற்கிறது. விடையின் மேல் பிட் பூஜ்யம், எனவே சைன் 0. விடை பூஜ்யம் இல்லை, எனவே ஸீரோ பிளாக் 0. கீழ் நான்கு பிட்டிலிருந்து ஒன்று மேலே போனது, எனவே ஆக்ஸிலரி கேரி 1. விடையில் ஒரே ஒரு ஒன்று இருக்கிறது, அது ஒற்றைப்படை, எனவே பாரிட்டி 0. வெளியே போன ஒன்றுக்காக கேரி 1.

நான்காவது வரியில் இன்னொன்றைக் கவனியுங்கள். 4500 என்ற முகவரி மெமரியில் 00 முதலிலும் 45 அடுத்ததாகவும் இருக்கிறது. கீழ் பைட் முதலில், மேல் பைட் பின்னால். புதியவர்கள் கிட்டில் தட்டும்போது மாற்றிப் போட்டு 0045 என்ற முகவரிக்கு விடையை அனுப்பிவிடுவார்கள். அங்கே பெரும்பாலும் ஈபிராம் என்ற மெமரி இருக்கும், அதில் எழுத முடியாது. 4500ல் பழைய குப்பை அப்படியே இருக்கும். விடை வரவில்லை என்றால் முதலில் இதைப் பாருங்கள்.

புரோகிராம் முடியும்போது 4500ல் 10 இருக்கும். சரியான விடை 110. அந்த 1 எங்கே? கேரி பிளாக்கில் இருக்கிறது, நாம்தான் அதை எடுத்து வைக்கவில்லை. சி ரிஜிஸ்டரில் முதலில் 00 போட்டு, கூட்டலுக்குப் பின் ஜேஎன்சி (கேரி இல்லாவிட்டால் தாவும் கட்டளை) வைத்து, கேரி வந்தால் மட்டும் சியை ஒன்று கூட்டி 4501ல் வைக்கும்படி நீங்களே எழுதுங்கள். ஒன்று ஜாக்கிரதை: எஸ்டிஏ வைத்துச் சேமிப்பதானால் சியிலிருப்பதை ஏ வழியாகத்தான் மெமரிக்கு அனுப்ப வேண்டும், எனவே 10ஐ 4500ல் சேமித்துவிட்டு அப்புறம்தான் ஏவில் கை வைக்க வேண்டும்.

தாளில் எழுதியது சரியா என்று பார்க்க சிமுலேட்டர் வேண்டும். ஜிஎன்யூசிம்8085 இலவசம், பழைய லேப்டாப்பிலும் ஓடும். அதில் புரோகிராமை ஒரேயடியாக ஓட்டாமல் ஒவ்வொரு கட்டளையாக நகர்த்தி, உங்கள் தாளோடு ஒப்பிடுங்கள். எங்கே வித்தியாசம் வருகிறதோ அங்கேதான் அன்றைய பாடம். தாள், சிமுலேட்டர், கடைசியில் கிட்: இந்த வரிசையை மாற்ற வேண்டாம். சிமுலேட்டரை முதலில் திறந்தால் விடையை அது சொல்லிவிடும், உங்கள் கை சும்மா இருந்துவிடும்.

பயமுறுத்தும் டைமிங் டயகிராம்

பலர் புத்தகத்தை மூடிவைக்கும் இடம் இது. உண்மையில் இதற்குப் பெரிய மூளை வேண்டாம், பொறுமையும் ஸ்கேலும் போதும். எம்விஐ ஏ, 98 என்ற அதே முதல் கட்டளையை எடுங்கள்.

8085க்கு 16 முகவரிக் கம்பிகளும் 8 டேட்டா கம்பிகளும் தேவை. 40 கால்களுக்குள் எல்லாவற்றையும் அடக்க, கீழ் எட்டு முகவரிக் கம்பிகளையே டேட்டாவுக்கும் பயன்படுத்துகிறார்கள். காலையில் வாடகைக்கு ஒருவர், மாலையில் இன்னொருவர் இருக்கும் கடை மாதிரி. இப்போது யார் இருக்கிறார்கள் என்று சொல்லும் போர்டுதான் ஏஎல்ஈ என்ற கால்.

முதல் கிளாக்கில் மேல் கம்பிகளில் 41, கீழ் கம்பிகளில் 00, ஏஎல்ஈ உயர்ந்து நிற்கிறது. வெளியே இருக்கும் 74எல்எஸ்373 லாட்ச் அந்த 00ஐப் பிடித்து வைத்துக்கொள்கிறது. இரண்டாவது கிளாக்கில் ரீட் கால் கீழே இறங்குகிறது. கீழ் கம்பிகளில் முகவரி போய், மெமரி அனுப்பும் 3ஈ வந்து நிற்கிறது. மூன்றாவதில் பிராசசர் அதை எடுத்துக்கொள்கிறது. நான்காவதில் இது என்ன கட்டளை என்று புரிந்துகொள்கிறது. அப்புறம் மூன்று கிளாக்கில் இதேபோல 4101லிருந்து 98ஐப் படிக்கிறது. மொத்தம் ஏழு கிளாக், அதாவது ஏழு டி-ஸ்டேட்.

புத்தகத்தில் உள்ள படத்தைப் பார்த்து வரைந்தால் கை மட்டும்தான் பழகும். புத்தகத்தை மூடிவிட்டு மேலே உள்ள பத்தியிலிருந்து நீங்களே வரையுங்கள். அது முடிந்ததும் எஸ்டிஏ 4500க்கு வரையுங்கள். அதில் 13 டி-ஸ்டேட்: ஆப்கோடு எடுக்க 4, முகவரியின் இரு பைட்டுக்கும் மும்மூன்று, எழுதுவதற்கு 3. இந்த இரண்டையும் வரைந்தவருக்கு மற்ற டயகிராம்கள் எல்லாம் தானாக வரும்.

இதன் பலன் கையோடு தெரியும். 6 மெகாஹெர்ட்ஸ் கிரிஸ்டலை 8085 உள்ளே இரண்டால் வகுத்து 3 மெகாஹெர்ட்ஸில் ஓடுகிறது. நம் முதல் புரோகிராமின் டி-ஸ்டேட்டுகளைக் கூட்டுங்கள்: 7, 7, 4, 13, 5. மொத்தம் 36. மூன்றால் வகுத்தால் 12 மைக்ரோ செகண்ட். ஒரு புரோகிராம் எவ்வளவு நேரம் எடுக்கும் என்று ஓட்டிப் பார்க்காமலே தாளில் சொல்லிவிட்டீர்கள்.

அரை நொடி டிலே

எல்இடியை அணைத்து ஏற்றும் புரோகிராமுக்கு நடுவில் அரை நொடி காத்திருக்க வேண்டும். அதற்கு வெறும் எண்ணிக்கைதான் வழி. எட்டு பிட்டில் 256 சுற்றுக்கு மேல் போகாது, எனவே பியும் சியும் சேர்ந்த பிசி என்ற 16 பிட் ஜோடி. அதைக் குறைக்க டிசிஎக்ஸ் பி.

நான் முதலில் எழுதியது இப்படி: டிசிஎக்ஸ் பி, அடுத்து ஜேஎன்இசட் (ஸீரோ பிளாக் 0 என்றால் தாவும் கட்டளை) வைத்து மேலே தாவல். பார்க்க ரொம்பச் சரியாக இருந்தது. கிட்டில் ஓட்டினால் எல்இடி ஏறியது, அப்புறம் அணையவே இல்லை. கிட் ரிப்பேர் என்று லேப் அண்ணனிடம் சொல்லி வேறு கிட் வாங்கினேன். அதிலும் அதே கதை. அவர் என் நோட்டை வாங்கிப் பார்த்துவிட்டு, "ஒவ்வொரு வரிக்கும் பிளாக் என்ன ஆகுதுன்னு எழுதினியா தம்பி?" என்று மட்டும் கேட்டார். எழுதவில்லை. அன்று மாலை கட்டளைப் பட்டியலில் டிசிஎக்ஸ் பக்கத்தை எடுத்தேன். பிளாக் எதுவும் மாறாது என்று ஒரே வரி. எட்டு பிட் ரிஜிஸ்டரைக் குறைக்கும் டிசிஆர் மாற்றும், டிசிஎக்ஸ் மாற்றாது. ஸீரோ பிளாக் முன்பு எப்படி இருந்ததோ அப்படியே இருந்ததால் லூப் முடியவே இல்லை.

சரியான வடிவம் இது:

எல்எக்ஸ்ஐ பி, எஃப்424 (பிசி ஜோடியில் எஃப்424 போடு)
லூப்: டிசிஎக்ஸ் பி
மூவ் ஏ, சி
ஓஆர்ஏ பி
ஜேஎன்இசட் லூப்

சியையும் பியையும் ஆர் (OR) செய்தால் இரண்டுமே பூஜ்யமாக இருக்கும்போது மட்டும் ஸீரோ பிளாக் ஏறும். ஒரு சுற்றுக்கு 6, 4, 4, 10 என்று 24 டி-ஸ்டேட், 3 மெகாஹெர்ட்ஸில் 8 மைக்ரோ செகண்ட். அரை நொடிக்கு 62,500 சுற்று. அதுவே ஹெக்ஸில் எஃப்424. உங்கள் கிட்டில் 6.144 கிரிஸ்டல் இருந்தால் டிலே ஒரு மயிரிழை குறையும், கண்ணுக்குத் தெரியாது.

அன்றிலிருந்து புதுக் கட்டளை எது வந்தாலும் மூன்று விஷயத்தை நோட்டில் குறிப்பது என் பழக்கம்: எத்தனை பைட், எத்தனை டி-ஸ்டேட், எந்த பிளாக் மாறும். நீங்களும் முதல் நாளிலிருந்தே செய்யுங்கள்.

ஸ்டாக்கும் சப்ரூட்டினும்

ஸ்டாக் என்பது திரும்பி வர வேண்டிய முகவரியையும் டேட்டாவையும் தற்காலிகமாக வைக்கும் மெமரி இடம். இதற்கும் தாள்தான். நோட்டில் ஏணி போலக் கட்டம் வரைந்து மேலிருந்து 4700, 46எஃப்எஃப், 46எஃப்ஈ என்று முகவரி எழுதுங்கள். ஸ்டாக் பாயின்டரில் 4700 இருக்கட்டும். 4110ல் சப்ரூட்டினைக் கூப்பிடும் ஒரு கால் (CALL) கட்டளை இருப்பதாக வைத்துக்கொள்வோம். அது மூன்று பைட், எனவே திரும்பி வர வேண்டிய இடம் 4113. பிராசசர் 46எஃப்எஃப்பில் 41ஐயும் 46எஃப்ஈயில் 13ஐயும் வைத்துவிட்டு சப்ரூட்டினுக்குத் தாவும். ரிட்டர்ன் வந்ததும் அங்கே இருப்பதை எடுத்துக்கொண்டு திரும்பும். அங்கே என்ன இருக்கிறது என்று அது சரிபார்க்காது. சப்ரூட்டினுக்குள் ஒரு புஷ் (ஸ்டாக்கில் வைப்பது) போட்டுவிட்டு பாப் (திரும்ப எடுப்பது) போட மறந்தால், உங்கள் டேட்டாவையே முகவரி என்று நினைத்து எங்கேயோ போய்விடும். ஏணியை வரைந்தவர்கள் இந்தத் தவற்றை ஓரிரு முறைக்கு மேல் செய்வதில்லை.

இன்டரப்டும் இதே ஏணிதான். கூப்பிடுவது புரோகிராமுக்குப் பதில் சிப்பின் ஒரு பின்னில் வெளியிலிருந்து வரும் சைகை, அவ்வளவே. அந்த அத்தியாயத்தில் டிராப், ஆர்எஸ்டி 7.5, 6.5, 5.5, ஐஎன்டிஆர் என்ற இன்டரப்டுகளின் முன்னுரிமை வரிசையையும் டிராப்பை மறைக்க (தடுக்க) முடியாது என்பதையும் பிடித்துக்கொண்டு மேலே போகலாம்.

திரும்பி வந்து மெமரியைப் பார்ப்பது

இப்போது விட்டுவைத்த ஹார்டுவேர் அத்தியாயங்கள். ஏன் 4100? ரீசெட் ஆனதும் புரோகிராம் கவுண்டர் 0000க்குப் போகும். எனவே அங்கே மின்சாரம் போனாலும் அழியாத ஈபிராம் இருந்தாக வேண்டும். கிட்டின் கீபோர்டைப் படித்து டிஸ்பிளேயில் காட்டும் மானிட்டர் புரோகிராம் அதில்தான் இருக்கும். 2764 என்ற ஈபிராம் 8 கிலோபைட், அதற்கு 13 முகவரிக் கம்பி. மீதி மூன்றையும் 74எல்எஸ்138 என்ற டிகோடருக்குக் கொடுத்தால் 64 கிலோபைட்டும் எட்டுத் துண்டாகப் பிரியும். முதல் துண்டு 0000 முதல் 1எஃப்எஃப்எஃப், இரண்டாவது 2000த்திலிருந்து, மூன்றாவது 4000த்திலிருந்து. மூன்றாவது துண்டில் 6264 என்ற ரேம் வைத்தால் நம் 4100ம் 4500ம் அதற்குள் வந்துவிடும். எட்டுத் துண்டுக்கும் முகவரி எல்லைகளை நீங்களே எழுதிப் பாருங்கள், ஐந்து நிமிட வேலை. உங்கள் கிட்டின் மெமரி மேப் அதன் கையேட்டில் இருக்கும். இதோடு வைத்து ஒப்பிடுங்கள்.

8255ல் எல்இடி

வெளிச் சாதனச் சிப்புகளில் எல்லாவற்றுக்கும் ஒரே அளவு நேரம் கொடுக்க வேண்டியதில்லை. எல்இடி போன்றவற்றை இணைக்க மூன்று போர்ட் தரும் 8255ஐ ஆழமாகப் படியுங்கள். 8253 (டைமர்), 8279 (கீபோர்டு, டிஸ்பிளே) இரண்டையும் ஒரு புரோகிராம் எழுதும் அளவுக்கு. மற்றவற்றை ஒருமுறை வாசித்து வைத்தால், தேவை வரும்போது திரும்பிப் பார்க்கலாம்.

8255ன் மூன்று போர்ட்டையும் அவுட்புட் ஆக்க கண்ட்ரோல் வேர்டு 80. போர்ட்டுகளின் முகவரி கிட்டுக்குக் கிட்டு மாறும், கையேட்டைப் பாருங்கள். மேலே எழுதிய டிலேயின் கடைசியில் ரிட்டர்ன் சேர்த்துச் சப்ரூட்டினாக்குங்கள். மெயின் புரோகிராமில் ஸ்டாக் பாயின்டரை வைத்து, கண்ட்ரோல் வேர்டை அனுப்பி, ஏவில் 00 போட்டு, பிறகு இந்த வட்டத்தை எழுதுங்கள்:

சுற்று: அவுட் போர்ட் ஏ
கால் டிலே
சிஎம்ஏ
ஜம்ப் சுற்று

சிஎம்ஏ என்பது ஏவின் எல்லா பிட்டையும் திருப்பிப் போடும். எனவே 00, எஃப்எஃப், 00, எஃப்எஃப் என்று எல்இடி விட்டுவிட்டு எரிய வேண்டும். எரியாது. அரை நொடிக்குப் பின் ஏறும், அப்படியே நிற்கும்.

காரணத்தை நோட்டில் கண்டுபிடியுங்கள். டிலேக்குள் மூவ் ஏ, சி இருக்கிறது. டிலே முடியும்போது ஏ எப்போதும் 00. அதைத் திருப்பினால் எப்போதும் எஃப்எஃப். நாம் கூப்பிட்ட சப்ரூட்டின் நம் ஏவை அழித்துவிட்டுத் திரும்பியிருக்கிறது. டிலேயின் முதல் வரியாக புஷ் பிஎஸ்டபிள்யூ, ரிட்டர்னுக்கு முன் பாப் பிஎஸ்டபிள்யூ சேர்த்து, ஏணியை வரைந்து, ஏவும் பிளாக்குகளும் போன இடத்தையும் திரும்பி வந்த இடத்தையும் குறித்த பிறகு கிட்டில் தட்டுங்கள். இந்த முறை எல்இடி அரை நொடி ஏறி, அரை நொடி அணைந்து மாறி மாறி எரியும்.